சீட் பெல்ட்டின் கடைசி முழம்

சாய்ந்தமருது
12 மே 2025

மச்சான் பதியுதீனுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நானும் என் மனுசி, உன் ராத்தா கைருன்னிஸாவும் இருக்கிறோம், அல்ஹம்துலில்லாஹ். கட்டார் வெயில் உன்னைக் கருக்கிவிடாமல் அல்லாஹ் காக்கட்டும்.

வாட்ஸ்அப் இருக்கும்போது இந்த மனுசன் ஏன் முத்திரை ஒட்டுகிறான் என்று சிரிக்காதே. முப்பத்தொரு வருஷம் தபால் கந்தோரில் ஊரார் கடிதத்துக்கெல்லாம் முத்திரை குத்தினேன். எனக்கென்று கடிதம் எழுத வெளிநாட்டில் ஓர் ஆள் இப்போதுதான் கிடைத்திருக்கிறது. நீயும் எழுதித்தான் பதில் போட வேண்டும்.

நீ எனக்கு விற்றுவிட்டுப் போன காரைப் பற்றி முதலில் சொல்கிறேன். லீற்றருக்குப் பதினேழு கிலோமீற்றர் ஓடுகிறது. கிழமைக்கு இரண்டு நாள் ராத்தாவை இரத்தம் சுத்தம் செய்ய மட்டக்களப்பு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போக ஆட்டோக்காரனுக்கு ஆறாயிரம் கொடுத்தேன். இப்போது ஆயிரத்து ஐந்நூறு ரூபாய் பெற்றோலில் போய் வந்துவிடுகிறோம். பென்சன்காரனுக்கு இதைவிட என்னடா வேண்டும்!

வாங்க முன்னம், மருதமுனை மெக்கானிக் றிம்சான், "கொண்டுவாங்க சேர், ஒருக்காப் பாத்துத் தாறன்" என்றான். ஏசிவிட்டேன். "மச்சான்ட காருக்கு என்னடா பாக்கிற? பொண்ணு தந்த வீட்டுக்காரன் பொய் செல்லுவானா?" என்று கேட்டேன்.

ராத்தா முன் சீட்டில் காலை நீட்டி இருந்துகொண்டு எனக்கு ஓட்டப் பழக்குகிறாள். "தம்பிட காருக்குள்ள இரிந்தா தம்பிட வீட்ட இரிக்கிற மாதிரி இரிக்கி" என்கிறாள். ஒவ்வொரு தொழுகைக்குப் பிறகும் உனக்குத்தான் முதல் துஆ. எனக்கு மிச்சம் மீதிதான்.

உன்
ஜவாத்


தோஹா
30 மே 2025

அன்புள்ள மச்சானுக்கும் ராத்தாவுக்கும்,

அஸ்ஸலாமு அலைக்கும். கடிதம் கிடைத்தது. கம்பனி பஸ் ஓட்டுகிறேன். அறையில் ஆறு பேர். சாப்பாடு பரவாயில்லை.

கார் நன்றாக ஓடுகிறது என்று எழுதியது பெரிய சந்தோசம். ஒன்றிரண்டு விசயம் மட்டும். மழைக்குள் எடுக்காதீங்க மச்சான். தண்ணீர் நிற்கிற இடத்தில் இறக்காதீங்க. ஏசியைக் கூடுமானவரை போடாதீங்க. சின்னக் கார், பாரம் தாங்காது. வேறொன்றும் இல்லை.

ஏஜென்சிக்குக் கட்ட எனக்குக் காசு தேவைப்பட்ட நேரத்தில் பேரம் பேசாமல் எண்ணித் தந்தீர்கள். அதை மறக்க மாட்டேன். சம்மாந்துறையில் ஸுலைஹாவும் பிள்ளை ஆகிலாவும் தனியே இருக்கிறார்கள், ஒருக்காப் பார்த்துக்கொள்ளுங்க.

பதியுதீன்


சாய்ந்தமருது
18 ஆகஸ்ட் 2025

மச்சான்,

அஸ்ஸலாமு அலைக்கும். உன் கார் என்னோடு பகிடி விடத் தொடங்கியிருக்கிறது.

போன செவ்வாய்க்கிழமை பெரியகல்லாற்றில் ஹோர்ன் தானாக அடித்தது. நிற்பாட்டவே முடியவில்லை. ரோட்டில் போன சனமெல்லாம் எங்களை ஏசுகிறது, நான் வயரைத் தேடுகிறேன், உன் ராத்தா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள். நோயாளி மனுசி சிரித்ததைப் பார்த்து எனக்கும் கோபம் போய்விட்டது. வரும் வழியில் அவள் பக்கத்துக் கண்ணாடி இறங்கியது இறங்கியதுதான். பொலித்தீன் கட்டிக்கொண்டு வந்தோம். டேஷ்போர்டில் சிவப்பும் மஞ்சளுமாக லைற் எரிகிறது, கலியாண வீடு தோற்றுப் போகும்.

செல்ப் மோட்டர் மாற்றினேன், இருபத்தெட்டாயிரம். பெற்றரி மாற்றினேன். ஒல்டனேட்டர் போகிற போக்கில் இருக்கிறதாம். ஆட்டோவில் மிச்சம் பிடித்ததையெல்லாம் கராஜில் கொட்டியாயிற்று. ஆறு வருஷக் காருக்கு இப்படி ஒன்றன் பின் ஒன்றாகப் போகாது என்று றிம்சான் தலையைச் சொறிகிறான்.

இன்னொன்று. கதவைச் சாத்தினால் உள்ளே ஒரு சேற்று மணம். உன் சென்ற் போத்தலின் வாசம் போன பிறகுதான் அது தெரிந்தது. ராத்தா ஏலக்காய் கட்டித் தொங்கவிட்டிருக்கிறாள்.

குறை சொல்வதாக எடுக்காதே. உன்னிடம் சொல்லாமல் யாரிடம் சொல்ல?

ஜவாத்


தோஹா
4 செப்டெம்பர் 2025

அன்புள்ள மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். கடிதம் கண்டு கவலைப்பட்டேன். கராஜ் செலவுக்குப் பதினைந்தாயிரம் அனுப்பியிருக்கிறேன். திருப்பி அனுப்ப வேண்டாம்.

என் யோசனை, காரை விற்றுவிடுங்க மச்சான். அறிந்த ஆட்களுக்கு வேண்டாம். தூரத்து ஆள் யாருக்காவது கொடுங்க. கொஞ்ச நாளைக்கு ஆட்டோவிலேயே ராத்தாவைக் கூட்டிப் போங்க. ஆட்டோக் காசில் பாதியை நான் தருகிறேன்.

இங்கே டியூட்டி கூட. அதிகம் எழுத முடியவில்லை.

பதியுதீன்


சாய்ந்தமருது
20 ஒக்டோபர் 2025

பதியுதீன்,

அஸ்ஸலாமு அலைக்கும். இந்தக் கடிதத்தை ராத்தா லுஹர் தொழுகிற நேரத்தில் எழுதுகிறேன். அவளுக்குத் தெரியாது, தெரியவும் கூடாது.

நேற்று றிம்சான் என்னைக் காருக்குப் பக்கத்தில் கூப்பிட்டான். "சேர், கோவிக்காதீங்க, ஒரு சாமான் காட்டுறன்" என்றான். முன் சீட் பெல்ட்டைப் பிடித்து இழுத்தான். வழக்கமாக நாம் இழுக்கிற அளவு கறுப்பாக, சுத்தமாக வந்தது. அவன் விடாமல் இழுத்தான். சுருளின் கடைசி முழம், யாரும் ஒருநாளும் இழுத்துப் பார்க்காத முழம், காவி நிறத்தில் வந்தது. காய்ந்த சேறு. நகத்தால் சுரண்டினேன், பொடியாக உதிர்ந்தது. பிறகு காபெற்றைத் தூக்கினான். அங்கேயும் அதே சேறு.

"இது வெள்ளத்தில தாண்ட கார் மாதிரி இரிக்கி சேர். அப்படியெண்டா வயரெல்லாம் உள்ளுக்குள்ள அரிச்சிக்கிட்டே போகும். ஒரு நாளைக்கி எல்லாம் ஒண்டா நிக்கும். நோயாளிய ஏத்தாதீங்க. வெறும் சேறெண்டா பயமில்ல, கழுவிப்போட்டு ஓடலாம்" என்றான்.

போன வருஷ வெள்ளத்தில் உன் கார் அம்பாறையில் கராஜில் நின்றது என்று நீ சொன்னாய். நான் அதை நம்பித்தான் வாங்கினேன். ஆனால் தூரத்து ஆளுக்கு விற்கச் சொல்லி எழுதினாயே, அது ஏன் என்று இரவெல்லாம் யோசிக்கிறேன்.

காசு கேட்கவில்லை. காரைத் திருப்பி எடு என்றும் சொல்லவில்லை. எனக்கு ஒன்று மட்டும் தெரிய வேண்டும். கார் வெள்ளத்தில் மூழ்கித் தாழ்ந்ததா, இல்லையா? ஹயர் ஓடுகிற பஸாலிடம் வேன் பேசி வைத்திருக்கிறேன். மாதம் நாற்பதாயிரம் கேட்கிறான். காரையும் வேனையும் சேர்த்து என் பென்சன் தாங்காது. ஓம் என்றால் காரை மூலையில் விட்டுவிட்டு, கடன்பட்டாவது ராத்தாவை வேனில் ஏற்றுவேன். இல்லை என்றால் கார்தான்.

போனில் கேட்டால் அவசரத்தில் ஏதாவது சொல்லிவிடுவாய், ராத்தாவின் காதிலும் விழும். ஆறுதலாக இருந்து எழுதித் தா. நீ எழுதுவதை நான் நம்புவேன்.

ஜவாத்


தோஹா
7 நவம்பர் 2025

அன்புள்ள மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். உங்கள் கடிதம் என் மனத்தை நோகடித்துவிட்டது.

அது வயல் சேறு. விதைப்புக் காலத்தில் காரை வயலடிக்குக் கொண்டுபோவேன், சேற்றுக் காலோடு ஏறுவேன். பிள்ளை ஆகிலா பெல்ட்டை இழுத்து விளையாடுவாள். கார் வெள்ளத்தில் தாழவில்லை. வல்லாஹி, தாழவில்லை. என் கூடப்பிறந்தவளுக்கு நான் அப்படிச் செய்வேனா?

பதியுதீன்


சாய்ந்தமருது
25 நவம்பர் 2025

மச்சான்,

அஸ்ஸலாமு அலைக்கும். உன் கடிதம் வந்த அன்றே பஸாலிடம் வேன் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். அல்லாஹ் மேல் ஆணையிட்டு நீ எழுதிய பிறகு நான் ஏன் சேற்றைச் சுரண்டிக்கொண்டு இருக்க வேண்டும்?

உன்னைச் சந்தேகப்பட்டதற்கு மாப்பு. வயது போகப் போக மனுசனுக்குப் புத்தி கோணல். றிம்சானையும் நல்லாய் ஏசினேன். பாவம், பெல்ட்டைக் கழுவித் தந்தான்.

மழை தொடங்கிவிட்டது. ராத்தாவின் கால் கொஞ்சம் வீங்கியிருக்கிறது. நீ வரும்போது அவளுக்குக் கறுப்பு அபாயா ஒன்று வேண்டுமாம். கல் வைத்தது வேண்டாமாம், வயதுக்கு ஏற்றது போதுமாம். சொல்லச் சொன்னாள்.

உன்
ஜவாத்


தோஹா
2 ஜனவரி 2026

மச்சான்,

அஸ்ஸலாமு அலைக்கும். இந்தக் கடிதத்தை எழுத மூன்று தாள் கிழித்தேன்.

கார் வெள்ளத்தில் தாழ்ந்தது. அம்பாறையில் கராஜில் நிற்கவில்லை. சம்மாந்துறையில் என் வீட்டு வாசலிலேயே நின்றது. சீட் மட்டத்துக்குத் தண்ணீர், இரண்டு நாள். தண்ணீர் வற்றிய பிறகு நானும் ஸுலைஹாவும் சீட்டுகளைக் கழற்றி, கழுவி, ஒரு கிழமை வெயிலில் போட்டோம். சென்ற் அடித்தோம். பெல்ட்டின் உள்பக்கத்தை நான் யோசிக்கவில்லை.

வெளி ஆட்கள் இரண்டு பேர் பார்க்க வந்தார்கள். இருவரும் மெக்கானிக்கோடு வந்தார்கள், இருவரும் வாங்கவில்லை. ஏஜென்சிக்காரன் நாள் குறித்துவிட்டான். நீங்கள் மெக்கானிக் கொண்டுவர மாட்டீர்கள் என்று எனக்குத் தெரியும். அதுதான் உங்களிடம் வந்தேன். போய் உழைத்து ஒரு வருஷத்தில் சொல்லிக் காசைத் திருப்பித் தரலாம் என்று நினைத்தேன்.

ஆணையிட்டும் பொய் எழுதினேன். அதற்கு நீங்கள் மாப்புக் கேட்டு எழுதினீர்கள். ராத்தா அபாயா கேட்டிருந்தாள். அதை வாசித்த நாளிலிருந்து சோறு இறங்கவில்லை.

ராத்தாவை இனி அந்தக் காரில் ஏற்ற வேண்டாம். காசை மாதாமாதம் தருகிறேன். ராத்தாவிடம் நீங்களே சொல்லி, எனக்கு மாப்பு வாங்கித் தாங்க. அவள் குரலைக் கேட்டுக்கொண்டு சொல்ல என்னால் முடியவில்லை.

பதியுதீன்


சாய்ந்தமருது
22 ஜனவரி 2026

ஜனாப் எம்.ஐ. பதியுதீன் அவர்களுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். ஸலாம் சொல்வது கடமை, அதனால் சொல்கிறேன்.

உங்கள் கடிதம் நேற்று முன்தினம் கிடைத்தது. கைருன்னிஸா மௌத்தாகிப் பதினோராம் நாள் அது. உறையில் தோஹா முத்திரை ஜனவரி மூன்று. அவள் போனது ஒன்பது. திகதி பார்ப்பது என் தொழில், அதனால் அதைத்தான் முதலில் பார்த்தேன்.

இடையில் ஆறு நாள். அந்த ஆறு நாளில் நீங்கள் இரண்டு தரம் போன் எடுத்தீர்கள். ஆகிலாவின் பள்ளிக்கூடச் சோதனையைப் பற்றிக் கதைத்தீர்கள். அங்கே குளிர் என்றீர்கள். கடிதம் கடல் தாண்டி வந்து சொல்லட்டும் என்று விட்டுவிட்டீர்கள். கடிதத்தை நானும் பெரிதாகத்தான் மதித்தவன். ஆனால் ஆட்டோவில் கூட்டிப் போங்க என்று ஒரு சொல் போனில் சொல்லியிருக்கலாம். காரணம் கேட்டிருக்க மாட்டேன்.

நடந்ததை உங்களிடம் போனில் முழுதாகச் சொல்லவில்லை. உங்கள் மனம் நோகும் என்று மறைத்தேன். இப்போது எழுதுகிறேன்.

ஆறாம் திகதி செவ்வாய், கார் ஸ்டார்ட் ஆகவில்லை. மழைக்குள் வேறு வாகனமும் கிடைக்காமல் இரத்தம் சுத்தம் செய்வது ஒரு முறை தவறிவிட்டது. வெள்ளிக்கிழமை விடியவே அவளுக்கு மூச்சு வாங்கியது. றிம்சான் வந்து எப்படியோ ஸ்டார்ட் எடுத்துத் தந்தான். பதினொரு மணிக்கு வெளிக்கிட்டோம். கொட்டுகிற மழை. ஓந்தாச்சிமடம் பாலத்துக்கு அங்கால் எல்லாம் ஒன்றாக நின்றது. எஞ்சின், வைப்பர், லைற், கண்ணாடி எல்லாம். காரைத் தெரியுமென்று நினைத்தேன், ஒன்றும் செய்ய முடியவில்லை. அவளுக்குக் காற்று வேண்டும், கண்ணாடி இறங்கவில்லை. கதவைத் திறந்துவிட்டு, மழை படாமல் நான் குறுக்கே நின்றேன். பஸாலுக்கு எடுத்தேன், அவன் அம்பாறைக்கு ஹயர் போயிருந்தான். அம்புலன்ஸ் வர நாற்பது நிமிடம். ரோட்டில் தண்ணீர், அவர்களில் பிழையில்லை. அவள் அவ்வளவு நேரம் இருக்கவில்லை.

கடைசியாக அவள் சொன்னது, "தம்பிக்குச் செல்லாதீங்க, கார் நிண்டதெண்டு. அவன்ட மனம் உடைஞ்சிரும்." கலிமாவை நான் சொல்லிக் கொடுத்தேன்.

அன்று நீங்கள் போனில் குழறி அழுதபோது நான்தான் உங்களுக்கு ஆறுதல் சொன்னேன். "அல்லாட நாட்டம், நீ என்ன செய்வாய்" என்றேன். அப்போதும் நீங்கள் சொல்லவில்லை. அதுதான் எனக்கு எல்லாவற்றையும்விடப் பெரிது.

பள்ளிவாசலில் ஜனாஸாவுக்கு முன்னால் நின்று, மையித்து யாருக்கும் கடன் என்றால் என்னிடம் கேளுங்கள் என்றேன். ஒருவரும் வரவில்லை. மையித்துக்கு யார் கடன் என்று கேட்கும் வழக்கம் நம்மிடம் இல்லை.

அவளிடம் மாப்பு வாங்கித் தரச் சொல்லியிருக்கிறீர்கள். வாங்கித் தர ஆள் இல்லை. காசு அனுப்ப வேண்டாம். உங்கள் கடிதங்களைக் கட்டி ஸுலைஹாவிடம் கொடுத்துவிட்டேன். இனி உங்களிடமிருந்து வருவதை, ஏற்க மறுத்தார் என்று எழுதித் திருப்பிவிடும்படி கந்தோரில் சொல்லியிருக்கிறேன். அதை எப்படிச் செய்வதென்று அவர்களுக்குக் காட்டிக் கொடுத்தவனே நான்தான்.

நேற்று தம்பிலுவிலிலிருந்து ஒருவர் கார் கேட்டு வந்தார். அவருடைய தாயைக் கிளினிக்குக்குக் கூட்டிப் போகவாம். மெக்கானிக் கொண்டுவரவில்லை. "போஸ்ட் மாஸ்டர் ஐயாட கார்தானே, என்னத்தப் பாக்கிற" என்றார். நல்ல விலையும் சொன்னார். நான் முன் கதவைத் திறந்து, பெல்ட்டைக் கடைசிவரை இழுத்துக் காட்டினேன். கழுவியும் காவி போகவில்லை.

"வெள்ளத்தில தாண்ட கார் தம்பி, வேணாம்" என்றேன். சொல்லிப் பார்த்தேன், வாய் நோகவில்லை.

இப்படிக்கு,
ஏ.எல். ஜவாத்
ஓய்வுபெற்ற தபாலதிபர்