கறுப்பைக் கறுப்பாகவே காட்டியவனுக்கு

இன்று லண்டன் அப்டன் பார்க்கில் ஒரு கலியாணத்துக்கு வீடியோ விளக்கைப் போட்டேன். சூட்டில் தூசு கருகும் மணம் வந்தது. கூடவே நீயும் வந்துவிட்டாய். மணமகளின் தாய் என் காதோடு, "தம்பி, பிள்ளை கறுப்பாத் தெரியுது, லைட்டைக் கூட்டிவிடும்" என்றார். இந்தத் தொந்திக்கும் வழுக்கைக்கும் பிறகு என்னைத் தம்பி என்பவர்கள் மணமகளின் தாய்மார்தான்.

எண்பதுகளில் நீ என்னைத் தேடி வந்தது கலைக்காக அல்ல, விளக்குகளை மலிவாய் வாடகைக்குத் தருவேன் என்பதற்காக. நீ கவிதை எழுதுகிறவன், உன் கவிதையையே படமாக எடுக்கப்போவதாகச் சொன்னாய். அதில் நீயும் உன் காதலனும், இரண்டு கறுப்பு ஆண்கள், தோளில் தலை சாய்த்து இருப்பீர்களாம். எங்கள் சனத்துக்குத் தெரிந்தால் என் பிழைப்புப் போய்விடுமே என்று பயந்துகொண்டே நானே நாலு பேரிடம் சொல்லிவிட்டேன்.

படப்பிடிப்பில் பழக்கதோஷம்: இரண்டு விளக்கையும் உங்கள் முகத்துக்கு நேரே பிடித்தேன்.

"என்ன செய்யிறாய்?"

"வெள்ளையாக் காட்டுறன். அதுக்குத் தனிக் காசில்லை."

"ஏன், எங்களுக்குப் பொம்பிளை பாக்கப் போறியோ?"

நீ பேசியது ஆங்கிலம்தான். என் நினைவில் அது யாழ்ப்பாணத் தமிழாகிவிட்டது. ஒரு விளக்கை அணைத்து, மற்றதைச் சுவர்ப்பக்கம் திருப்பினாய். "அம்மா பாக்க வருவா. தான் பெத்த முகத்தை அவ பாக்கோணும்." ஜமெய்க்காவிலிருந்து வந்த, தேவாலயம் தவறாத அம்மா. உன் காதலனின் பெயரை ஒருநாளும் உச்சரிக்காதவர்.

கமெராவுக்குள் பார்த்தேன். உன் கன்னத்தில் செம்பு, கழுத்தடியில் நீலம், நெற்றியில் ஈரமண்ணின் மினுக்கம். என் தோலும் அதே நிறம்தான். அத்தனை வருடம் அதன்மேல் பவுடர் அப்பியிருக்கிறேன்.

ஒரு புத்தகக் கடையின் மேல்மாடியில் படம் ஓடியது. பின்வரிசையில், தொப்பியோடு அம்மா. அவன் தலை உன் தோளில் சாய்ந்ததும் எழுந்தார்.

"போறா," என்று என் முழங்கையை நெரித்தாய்.

அவர் வாசலுக்குப் போகவில்லை. முன்வரிசைக்குப் போய், தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். படம் முடிந்ததும் உன் காதலனைப் பெயர் சொல்லி அழைத்தார்: "ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வா." பிறகு உன்னைக் காட்டி, "இவனையும் கூட்டிக்கொண்டு வா."

தொண்ணூறுகளில் எய்ட்ஸ் என்ற அந்த நோய் உன்னைக் கொண்டுபோயிற்று. அம்மா எழுந்து நடந்த அந்தச் சில அடிகள் மட்டும் நினைவாக என்னிடம் இருக்கின்றன. போன மாதம் ஒரு காதல் கலியாணத்தில், தாலி கட்டும் நேரம் பெண்ணின் தகப்பன், அரைமனதோடு வந்திருந்தவர், எழுந்தார். "போறார், போறார்" என்று சபை முணுமுணுத்தது. எந்தப் பக்கம் நடக்கிறார் என்று பார்ப்போம் என, நான் கமெராவை நிறுத்தவில்லை.