இசைத்தட்டில் பதிந்த தீ

அன்புள்ள சூல்மாவுக்கு, உன் மூட்டுவலி தணிந்ததா? நான் நலம். நான் சொல்ல, அறைத்தோழர் எழுதுகிறார்.

நம் நாட்டில் ராணுவம் ஆட்சியைப் பிடித்த குளிர்காலத்தில், ஜாஸையும் ராக்கையும் நம் தெரு முரசோடு கலந்து ஓர் இசைத்தட்டு பதித்தோமே, அதை யாரும் வாங்கவில்லை. அன்று முரசுத் தோலை இறுக்குவதற்காக முற்றத்தில் செய்தித்தாளைக் கொளுத்தினோம். தீ படபடக்கும் சத்தமும் பதிவாகிவிட்டது.

நேற்று, நான் வாசல் காக்கும் இந்த மாட்ரிட் மதுக்கூடத்தில் இளைஞர்கள் அந்த இசைத்தட்டுப் பாட்டையே வாசித்தார்கள். ஒருத்தி ஒலிவாங்கி முன்னால் காகிதத்தைக் கசக்கினாள்.

"இது எதுக்கும்மா?"

"இது இல்லாம அந்தப் பாட்டே இல்ல தாத்தா. உங்களுக்கெல்லாம் இது புரியாது."

சிரித்துவிட்டு, கொஞ்ச நேரம் வெளியே போய் நின்றேன்.

இங்கே குளிர் அதிகம், கம்பளிக் காலுறை அனுப்பு. நம் வாசிப்பு வீண் என்று உன் அண்ணன் ஒரெஸ்தெஸ் படுக்கையில் புலம்புகிறாராமே. காது முழுவதும் அடைபடுவதற்குள் இதை அவரிடம் உரக்கச் சொல்லிவிடு. வாசித்த ஐவரில் என்னைத் தவிர உயிரோடு இருப்பவர் அவர் மட்டும்தான்.