மீட்டர் பார்த்துப் போட்ட நிவாரணம்

பொம்மி,

நீயும் மாப்பிள்ளையும் பிள்ளையும் காய்ச்சல், இருமல் ஒன்றும் அண்டாமல் இருக்கிறீர்கள் என்று நம்பி எழுதுகிறேன். இங்கே நான் இருக்கிறேன். சுகம் என்று எழுதக் கை வரவில்லை, இருக்கிறேன் என்பதோடு விட்டுவிடு. ஒன்றுவிட்டு ஒரு நாள் போனில் பேசுகிறவள் எதற்குக் காகிதமும் பேனாவும் எடுத்தாள் என்று நினைப்பாய். போனில் பேசினால் சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கும். நம் வீட்டுக்கும் பக்கத்து வீட்டு அடிக்கோடு வீட்டுக்கும் நடுவில் இருப்பது ஒற்றைச் செங்கல் சுவர், அவன் தும்மினால் இங்கே துணி உலர்த்தும் கொடி ஆடும். நான் சொல்லப் போவது அவனைப் பற்றித்தான். நான் படித்த ஐந்தாம் வகுப்புக்கு இவ்வளவு எழுதினதே கிடையாது, பிழை இருந்தால் திருத்திப் படித்துக்கொள்.

கடையை விடவில்லை. பெரிய உலர்த்தும் மெஷினை விற்றுவிட்டேன், சின்னது இரண்டும் ஓடுகின்றன. விடுதிகள் திறந்தாயிற்று, ஆனால் முன்பு நாளுக்கு நூறு விரிப்பு அனுப்பினவர்கள் இப்போது முப்பது அனுப்பிவிட்டு அதற்கும் விலை பேசுகிறார்கள். இஸ்திரி போடுகிறவள் அரை நாள்தான் வருகிறாள், மீதி நான். நீ அனுப்பின மூட்டுவலி மாத்திரை வந்து சேர்ந்தது. வேளைக்கு ஒன்று என்று போட்டிருக்கிறது, நான் நாளுக்கு ஒன்றுதான் போடுகிறேன், சீக்கிரம் தீர்ந்தால் நீ மறுபடி செலவு செய்வாய். பிள்ளையை ஈரத் தலையோடு வெளியே விடாதே. மாப்பிள்ளையிடம் வீட்டுக்குள் வந்ததும் கை கழுவச் சொல், இப்போது யாரும் கழுவுவதில்லை, நோய் போய்விட்டது என்று எல்லாரும் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

நிவாரணம் ஏன் கிடைக்கவில்லை என்று நீ கேட்டபோதெல்லாம் சர்க்கார் வேலை அப்படித்தான் என்று சொல்லி மழுப்பினேன். இப்போது முழுதாகச் சொல்கிறேன். ஊரடங்கு போட்ட மூன்றாவது மாதம் குடும்பங்களுக்கும் சின்னக் கடைகளுக்கும் உதவித்தொகை தருகிறோம் என்று அறிவித்தார்கள். யாருக்கு எவ்வளவு நஷ்டம் என்று வீடு வீடாகப் போய் மதிப்பீடு போட ஆள் வேண்டும், தெருவை அறிந்தவனே தெருவை எழுதட்டும் என்று தற்காலிக வேலைக்கு எடுத்தார்கள். நம் தெருவுக்கு அடிக்கோடு வந்தான். எதை எழுதினாலும் ஸ்கேல் வைத்துக் கோடு போடுகிறானே என்று பள்ளிக்கூடத்தில் நீ வைத்த பெயர்தான், இன்றைக்கும் தெருவில் அதுவே நிற்கிறது. உன் சைக்கிளுக்குக் காற்றடித்துக் கொடுத்த பிள்ளை, நம் பையன், நல்லபடி எழுதுவான் என்று உன் அப்பா சட்டை மாற்றிக்கொண்டு காத்திருந்தார்.

கணக்குப் புத்தகம் வைத்திருக்கிற கடைக்குப் புத்தகத்தைப் பார்ப்பார்களாம். நம்மைப் போலப் புத்தகம் இல்லாத கடைக்கு மீட்டரைப் பார்ப்பார்களாம், சலவைக் கடைக்குத் தண்ணீர் மீட்டர், தையல்காரருக்குக் கரண்டு மீட்டர். போன வருஷம் ஓடினதில் பாதிக்கு மேல் குறைந்திருந்தால் ஆறு மாத வாடகையும் கரண்டு பில்லும் தருவார்கள், குறையாவிட்டால் ஒன்றும் கிடையாது. உன் அப்பா சிரித்துக்கொண்டே டார்ச் அடித்து மீட்டரைக் காட்டினார், நான் குளிக்கிறதையும் வியாபாரத்துல சேத்துடாதப்பா என்று கேலி வேறு. அவன் சிரிக்கவில்லை. மீட்டர் குறையவில்லை, கூடியிருந்தது. ஏன் கூடியது என்று உனக்குத் தெரியும். விடுதிகள் எல்லாம் பூட்டிக் கிடக்க, பள்ளிக்கூடத்து ஹாலில் போட்ட தற்காலிக வார்டின் விரிப்புகளைத் தொட ஒருவரும் முன்வரவில்லை, உன் அப்பாதான் ஒரு காசு வாங்காமல் எழுபத்தோரு நாள் வெளுத்துக் கொடுத்தார். கொதிக்க வைத்து நாலு தண்ணீர் அலச வேண்டும், தண்ணீர் ஓடாமல் என்ன செய்யும். இது அடிக்கோடுக்குத் தெரியாதா. அந்த மூட்டை வண்டி அவன் வாசலைத் தாண்டித்தானே நம் வாசலுக்கு வந்தது. அவனைப் பெற்றவளே அந்த வார்டில் பத்தொன்பது நாள் கிடந்தாள், உன் அப்பா வெளுத்த விரிப்பின் மேல்தான் கிடந்தாள்.

இலவசமாக வெளுத்ததற்கு ஆதாரம் இருக்கிறதா என்று கேட்டான். இல்லை. உனக்கே தெரியுமேப்பா, நீயே எழுது என்று உன் அப்பா சொன்னார். அதற்கு அவன் சொன்னதை நான் கட்டையில் போகும் வரை மறக்க மாட்டேன். "எனக்குத் தெரியும்கறது ஆதாரமாகாது மாமா." வியாபாரம் குறையவில்லை என்று எழுதினான், ஸ்கேலை வைத்துக் கோடு போட்டான், எழுந்து போனான். வீட்டுக் கணக்கையும் விடவில்லை. பாய்லர் பழுதானபோது நீ ஒரே ஒரு தடவை அனுப்பின பணத்தை மாதாமாதம் வருகிற வரும்படி என்று எழுதி, தலைக்கு இவ்வளவு என்று வர வேண்டியதையும் பாதியாக்கினான்.

மறுபடி பார்க்க வேண்டுமானால் நேரில் வந்து மனுக் கொடுக்க வேண்டும் என்றார்கள். உன் அப்பா முதலில் அந்த வார்டைத் தேடிப் போனார். அதைக் கலைத்துவிட்டு ஹாலைக் கழுவிக்கொண்டிருந்தார்கள், பொறுப்பாளரை எங்கே மாற்றினார்கள் என்று சொல்ல ஆள் இல்லை. பிறகு நிவாரண அலுவலகத்துக்குப் போய் வரிசையில் நின்றார். மாடிப்படியில் ஆள்மேல் ஆளாக ஐந்து மணி நேரம். முன்னால் நின்றவர் இருமிக்கொண்டே இருந்தார் என்று வீட்டுக்கு வந்து சொன்னார். நாலாம் நாள் காய்ச்சல். எழுபத்தோரு நாள் நோயாளிகளின் விரிப்பைக் கையால் அள்ளினவருக்கு ஒன்றும் வரவில்லை பொம்மி, ஐந்து மணி நேரம் படியில் நின்றவருக்கு வந்தது. பதினோராம் நாள் எல்லாம் முடிந்தது. ஆஸ்பத்திரியில் சேர்த்த அன்றைக்கு, படுக்கையில் போட்டதும் விரிப்பின் மூலையைத் திருப்பிப் பார்த்து, அலசினது போதாது என்றாராம், நர்ஸ் சொல்லிவிட்டு அழுதாள். உனக்கு வர விமானம் இல்லை, போனில் பார்த்தாய். அடிக்கோடு வந்து வாசலில் தலையைக் குனிந்துகொண்டு நின்றான். அவன் முகத்துக்கு நேரே கதவைச் சாத்தினேன். உன்னை விட மாட்டேன்டா என்று உள்ளே நின்று சொல்லிக்கொண்டேன், கேட்டிருக்கும், ஒற்றைச் சுவர்தானே.

விடவில்லை. கணக்கெடுப்பு முடிந்ததும் அவனையும் போதும் போ என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். இப்போது அந்தக் குடும்பமே அவன் மனைவியின் தையலை நம்பி நிற்கிறது. அவள் பள்ளிச் சீருடை தைப்பவள், பள்ளிக்கூடம் மூடினதும் ஒரு சட்டைகூட வரவில்லை. இரண்டாம் சுற்று நிவாரணத்துக்கு அவள் மனுப் போட்டாள், மதிப்பீடு போடப் புதிதாக ஒரு சின்னப் பெண்ணை அனுப்பினார்கள். மீட்டரைப் பார்த்தால் கரண்டு கூடியிருக்கிறது. தைக்காத வீட்டில் எப்படிக் கூடியது என்றால், அவன் அம்மா வார்டிலிருந்து வந்த பிறகு மூச்சு விடுவதற்கு ஆக்சிஜன் மெஷின் வைத்தார்கள், பகலும் ராத்திரியும் ஓடியது. யாரோ தெரிந்தவர் இரவலாகக் கொடுத்தது, ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. அவன் நமக்குப் பார்த்த அதே மீட்டர் அவன் வீட்டுக்கே வந்து நின்றது. ஆனால் இந்தச் சுற்றில் விதியைத் தளர்த்தியிருக்கிறார்கள், பக்கத்து வீட்டார் சாட்சி சொன்னால் எடுத்துக்கொள்வார்களாம். உன் அப்பா போன பிறகு விதிக்கு இரக்கம் வந்திருக்கிறது. அவர்களுக்கு ஒரு பக்கம் பூட்டிக் கிடக்கிற கிடங்கு, மறுபக்கம் நான்.

செவ்வாய்க்கிழமை அவள் படிவத்தோடு வந்தாள். உள்ளே வரத் தைரியம் இல்லாமல் படியிலேயே நின்றாள். மெஷின் ஓடின சத்தம் உங்களுக்குக் கேட்டிருக்குமே அத்தை, ஒரு வார்த்தை எழுதிக் குடுங்க என்றாள். கேட்டதாவது. அந்த மெஷின் என் தலைமாட்டில் ஓடியது. ஒரு நிமிஷம் நின்றால் உன் அப்பா எழுந்து உட்கார்ந்து, கரண்டு போச்சா பாரு, அந்தம்மா என்ன ஆனாங்களோ என்பார். நான் விரிப்பு மடிப்பதை நிறுத்தவில்லை, தலையையும் தூக்கவில்லை. "எனக்குத் தெரியும்கறது ஆதாரமாகாதும்மா. உன் வீட்டுக்காரனைக் கேளு, அவன்தான் எங்களுக்குச் சொல்லிக் குடுத்தான்." அவள் படிவத்தை நாலாக மடித்துக்கொண்டு போனாள். இனித்தது பொம்மி. உன்னிடம் எதற்குப் பொய், இனித்தது.

வெள்ளிக்கிழமை அந்த அலுவலர் பெண் வந்தாள். பக்கத்து வீட்டில் என்ன மெஷின் ஓடியது என்றாள், தெரியாது என்றேன். தையல் மெஷினாக இருக்குமா என்றாள், இருக்கலாம் என்றேன். வாய் கூசவில்லை. கையெழுத்துப் போடச் சொன்னாள். என் எழுத்து கோணுவதைப் பார்த்து, மெதுவாப் போடுங்கம்மா அவசரமில்ல என்றாள், நான் அவசரமாகத்தான் போட்டேன். போட்டுவிட்டு அதன் அடியில் ஒரு கோடும் இழுத்தேன், ஸ்கேல் இல்லாமல் வெறுங்கையால். அவள் ஏன் என்று கேட்கவில்லை. உன் அப்பா போன பிறகு அன்றைக்குத்தான் வயிறு நிறையச் சாப்பிட்டேன். இதைப் படித்துவிட்டு அம்மாவா இப்படி என்பாய். சொல்லிக்கொள். நீ தூரத்தில் இருக்கிறாய், உனக்கு மன்னிக்க வசதி இருக்கிறது. எனக்கு விடிந்தால் அவன் இருமல், பொழுது அடைந்தால் அவன் இருமல்.

இதோடு முடிந்திருந்தால் உனக்குக் கடிதமே எழுதியிருக்க மாட்டேன். ஞாயிற்றுக்கிழமை அவள் மறுபடி வந்தாள், கையில் ஒன்றும் இல்லாமல். என்னைத் திட்டத்தான் வந்தாள் என்று நானும் இடுப்பில் கை வைத்துக்கொண்டு தயாராக நின்றேன். திட்டவில்லை. துணி மடிக்கிற பலகையின் ஓரத்தில் உட்கார்ந்தாள். மதிப்பீடு போட்ட அன்றைக்கு நம் வீட்டிலிருந்து போய் அவன் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தானாம். "ஒரு சீட்டு, ஒரே ஒரு சீட்டு இருந்தாக்கூட எழுதியிருப்பேன்னு புலம்பினாரு அத்தை. மாமியாரைப் பார்க்க வார்டுக்குப் போனப்ப நானே பார்த்தேனே, மூட்டைக்கு ஒரு சீட்டு குத்தித்தானே அனுப்பினாங்க. அதெல்லாம் எங்க போச்சு?" வேலை கிடக்கிறது எழுந்து போ என்றேன். போய்விட்டாள்.

பொம்மி, அந்தச் சீட்டைப் பற்றி உன்னிடம் சொன்னதே இல்லை. இத்தனை விரிப்பு என்று எழுதி, முத்திரை வைத்து, ஒவ்வொரு மூட்டையிலும் ஊசியால் குத்தி அனுப்புவார்கள். உன் அப்பா அதைப் பிரித்து ஜன்னல் கம்பியில் செருகுவார். வார்டுக் காகிதம், எத்தனை கை பட்டதோ, அதில் காய்ச்சல் ஒட்டிக்கொண்டு வரும் என்று எனக்குப் பயம். விரிப்பைக் கொதிக்க வைக்கலாம், காகிதத்தைக் கொதிக்க வைக்க முடியுமா. இருக்கட்டும்டி, பின்னால யாராவது கேப்பாங்க என்றார். இந்த வீட்டில் ஒன்று அந்தக் காகிதம் இருக்க வேண்டும், இல்லை நான் இருக்க வேண்டும் என்றேன். அவர் சிரித்துவிட்டு, சரி நீயே இரு என்றார். இடுக்கியால் எடுத்து பாய்லர் அடுப்பில் போடுவேன். எழுபத்தோரு நாளும் போட்டேன், ஒரு நாள் தவறவில்லை. அடிக்கோடு ஆதாரம் கேட்டபோது நான் பின்னறையில் நின்று கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். உன் அப்பா என் பக்கம் திரும்பக்கூட இல்லை. சீட்டு குடுத்தாங்கப்பா, நான்தான் எங்கேயோ தொலைச்சுட்டேன் என்றார். வரிசையில் நிற்கப் போன அன்றைக்கும் அதைப் பற்றி ஒரு சொல் சொல்லவில்லை, தண்ணீர் பாட்டிலை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டு போனார்.

சொன்ன சாட்சியை மாற்றிச் சொல்லப் பத்து நாள் தருவார்களாம், அந்த அலுவலர் பெண் சொல்லிவிட்டுப் போனாள், அதில் இரண்டு நாள் போய்விட்டது. இந்தக் கடிதம் உன் கைக்கு வரப் பதினைந்து நாள் ஆகும். தெரிந்துதான் தபாலில் போடுகிறேன். நீ போனில் அழுதால் நான் மாற்றிவிடுவேன், எனக்கு அது வேண்டாம். அவன் எழுதினதை அவனும் மாற்றவில்லை.

நீ நன்றாக இரு. உன் வீட்டில் அடுப்பும் சிரிப்பும் அணையாமல் இருக்கட்டும், உன் பிள்ளை உன் அப்பாவைப் போல் தாராளக் கையோடு வளரட்டும், மாப்பிள்ளைக்கு நீண்ட ஆயுசு வரட்டும். கடிதம் கிடைத்தது என்று மட்டும் போனில் சொல், மற்றது எதையும் பேசாதே, சுவர் இருக்கிறது.

இப்படிக்கு,
உன்னைப் பெற்றவள்

உறையை ஒட்டப் போனேன், ஒட்ட முடியவில்லை. தெரிந்தும் எழுதாதவனை நான் ஒரு வழி பண்ணிவிட்டேன். சீட்டை அடுப்பில் போட்டவளை என்னடி செய்வது?