புளியறைக்குப் போன மருத்துவச்சி

தென்காசி,
12 ஜூலை 1937

அன்புள்ள அத்தானுக்கு,

மங்களேஸ்வரி எழுதுவது. உடம்புக்கு ஒன்றுமில்லை, மனசுதான் சரியில்லை. குற்றாலத்தில் சாரல் நன்றாக விழுகிறது. அருவிக்கரையில் நிற்க இடமில்லாத கூட்டம்.

போன மாதம் எங்கள் ஆஸ்பத்திரி டாக்டர் என்னை அங்கே ஒரு பங்களாவுக்கு அனுப்பினார். அவருக்கு வேண்டிய பெரிய மனிதர் ஒருவரின் மனைவிக்குத் தலைவலி. நான் பக்கத்திலிருந்து தைலம் தேய்க்க வேண்டுமாம். தேய்த்துக்கொண்டிருக்கும்போது புளியறைக் கிராமத்திலிருந்து ஒரு வண்டிக்காரர் என்னைத் தேடி நனைந்துகொண்டே வந்து நின்றார்.

"தாயி, எம் பொஞ்சாதி நேத்துலேருந்து வலியில துடிக்கா. பிள்ளைக்குக் காலுதான் முதல்ல தெரியுது. நீங்கதான் வரணும்."

டாக்டருக்கு ஆள் அனுப்பிக் கேட்க நேரமில்லை. பங்களா அம்மாளிடம் சொல்லிவிட்டு வண்டியில் ஏறிவிட்டேன். அந்தப் பெண் பெயர் மாடத்தி. தாயும் பிழைத்தாள், பெண் குழந்தையும் பிழைத்தது.

நேற்று உத்தரவு வந்தது. டாக்டர் மேலிடத்துக்கு எழுதி வாங்கியது. அனுமதியின்றிப் பணியிடத்தை விட்டு ஓடிய குற்றத்துக்காக என்னைப் புரொபேஷனிலிருந்து நீக்கிவிட்டார்களாம். வருகிற ஆவணியில் புரொபேஷன் முடிந்து வேலை நிரந்தரமாகியிருக்கும். மன்னிப்பு எழுதிக் கையெழுத்துப் போட்டால் இன்னொரு வருஷம் புரொபேஷனில் வைத்துப் பார்க்கச் சொல்கிறேன் என்கிறார் டாக்டர். நான் போடவில்லை. நீங்கள் என்ன சொல்கிறீர்கள்?

உங்கள்
மங்களம்


பெங்களூர்,
22 ஜூலை 1937

மங்களத்துக்கு,

நலம். கடிதம் படித்துக் கோபம்தான் வந்தது. பட்டாளத்தில் நில் என்றால் நிற்கிறோம். உன் உத்தியோகமும் சர்க்கார் உத்தியோகம்தானே? அந்தப் பெண் பிழைத்தது நல்லதுதான். அதற்காகச் சர்க்காரோடு மல்லுக்கு நிற்பாயா?

மன்னிப்பு எழுதிக் கொடு. மனமில்லையென்றால் வேலை போகட்டும் என்று விட்டுவிட்டு இங்கே வா. குடும்பத்தோடு இருக்க வீடு கேட்டிருக்கிறேன், சீக்கிரம் கிடைக்கும். கல்யாணமாகி நாம் ஒரே கூரையின் கீழ் எத்தனை நாள் இருந்தோம், சொல்? இந்த ஊர்க் குழம்பில் உறைப்பும் இல்லை, புளிப்பும் இல்லை.

உன்
சுந்தரபாண்டியன்


தென்காசி,
5 ஆகஸ்டு 1937

அன்புள்ள அத்தானுக்கு,

உங்களோடு இருக்க எனக்கு மட்டும் ஆசையில்லையா? ஆனால் குற்றம் செய்தவள் என்ற பேரோடு ரயிலேறினால், அது புருஷன் வீட்டுக்கு வருவதாக இருக்காது, ஊரைவிட்டு ஓடுவதாகத்தான் இருக்கும்.

வக்கீல் முகம்மது மீரான் அண்ணாச்சியைக் கடையநல்லூரில் போய்ப் பார்த்தேன். அவர் மனைவி ராபியாவுக்கு நான்தான் பிரசவம் பார்த்தேன். உத்தரவைப் படித்ததும் சிரித்துவிட்டார்.

"தங்கச்சி, 'வேலைக்குச் சரிப்படல'ன்னு மட்டும் எழுதியிருந்தா எனக்கு வழியே இல்ல. புரொபேஷன்ல அது அவுக இஷ்டம். குத்தம்னு எழுதிட்டாகளே! அப்பம் இது தண்டனை. தண்டிக்கதுக்கு முன்ன ஒன்கிட்ட விளக்கம் கேட்டாகளா?"

"ஒரு வார்த்தை கேக்கல அண்ணாச்சி."

"பின்ன என்ன, எழுதுவோம்."

சென்னைக்கு மனு போய்விட்டது. கோபித்துக்கொள்ளாதீர்கள்.

உங்கள்
மங்களம்


பெங்களூர்,
20 ஆகஸ்டு 1937

மங்களத்துக்கு,

வீடு கிடைத்துவிட்டது. பூட்டிக் கிடக்கிறது. இனி உன் இஷ்டம்.

சுந்தரபாண்டியன்


தென்காசி,
18 நவம்பர் 1937

அன்புள்ள அத்தானுக்கு,

அதற்குப் பிறகு நான் போட்ட கடிதம் ஒன்றுக்கும் பதில் இல்லை. ஆனாலும் இதை முதலில் உங்களுக்குத்தான் சொல்ல வேண்டும். ஜெயித்துவிட்டேன்!

சென்னையிலிருந்து ஒரு அதிகாரி அம்மாள் விசாரணைக்கு வந்தார். டாக்டர் நான் ஒழுங்கு கெட்டவள் என்று நெடுநேரம் சொன்னார். அம்மாள் கேட்டுக்கொண்டேயிருந்துவிட்டு, "இவளிடம் விளக்கம் கேட்டீர்களா?" என்றார்.

"புரொபேஷனில் இருப்பவள்தானே, அவசியம் என்று தோன்றவில்லை."

"குற்றம் என்று எழுதியது நீங்கள். எழுதினால் கேட்க வேண்டும்."

பிறகு என் பக்கம் திரும்பி, "இப்போது நான் கேட்கிறேன், சொல்லம்மா" என்றார்.  நேராக எழுந்து நின்றேன் அத்தான். "பங்களாவில் தலைவலி, புளியறையில் உயிர் போகிற வலி. மருத்துவச்சி எந்த இடத்தில் இருக்க வேண்டும் என்று நீங்களே சொல்லுங்கள்" என்றேன்.

மாடத்தியும் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்திருந்தாள். யாரும் கூப்பிடுமுன்பே எழுந்துவிட்டாள். "அம்மா, நானும் சொல்லுதேன். இவுக அன்னைக்கு வரலன்னா என்னையும் இவளையும் ஒரே குழியில போட்டிருப்பாக. இதுவா குத்தம்?" அதிகாரி அம்மாள் அதையும் எழுதிக்கொண்டார்.

நேற்று உத்தரவு வந்தது. நீக்கம் ரத்து. புரொபேஷன் முடிந்த நாளிலிருந்தே என் வேலை நிரந்தரம். இன்று புளியறைச் சனம் தவில்காரரையும் ஏற்றிக்கொண்டு வண்டி கட்டி வந்துவிட்டது. கடைவீதி முழுக்கக் கொட்டுச் சத்தம். வெட்கத்தில் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன். உள்ளே சிரித்துக்கொண்டுதான் இருந்தேன்.

உங்களிடமும் மன்னிப்புக் கேட்க மாட்டேன். ஆனால் உங்களைப் பார்க்க வேண்டும் போலிருக்கிறது.

உங்கள்
மங்களம்


பெங்களூர்,
27 நவம்பர் 1937

சர்க்கார் மருத்துவச்சி மங்களேஸ்வரி அம்மாள் அவர்களுக்கு,

சுந்தரபாண்டியன் சல்யூட் அடித்து எழுதிக்கொண்டது.

உன் கடிதத்தைச் சாப்பாட்டு நேரத்தில் உரக்கப் படித்தேன். நம் ஊர்ப்பக்கத்துச் சிப்பாய் சங்கிலிப்பாண்டி, "அந்த மாடத்தி சொன்னத இன்னொரு மட்டம் படிங்கண்ணே" என்று சோற்றில் கைவைக்காமல் உட்கார்ந்திருந்தான். நான் மூன்று மட்டம் படித்தேன். 

பூட்டிக் கிடந்த வீட்டை அவனுக்கே கொடுக்கச் சொல்லிவிட்டேன். அவன் மனைவி வரட்டும். நீ அங்கேதான் இருக்க வேண்டியவள்.

மார்கழியில் லீவு கிடைத்திருக்கிறது. இந்தத் தடவை முதலில் சொந்த ஊர் ராயகிரிக்குப் போகவில்லை, நேரே தென்காசியில் இறங்குகிறேன். ஸ்டேஷனுக்கு வரவேண்டும் என்று காத்திருக்காதே. யாருக்காவது வலியெடுத்திருந்தால் சாவியைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டுப் போ. நீ திரும்பி வரும்போது சோறு பொங்கி வைத்திருப்பேன்.

உன்
சுந்தரபாண்டியன்