எருக்கிடங்கில் கொட்டிய தோசி

மகள் கனடாவிலிருந்து கொண்டுவந்த பெட்டியை நேற்றுக் காலை திறந்தபோது, உடுப்புகளுக்கு நடுவே இருந்த சின்னப் பைக்கற் ஒன்றிலிருந்து இஞ்சி மணம் எழுந்தது. சீனியில் புரட்டிக் காயவைத்த இஞ்சித் துண்டுகள். நாங்கள் இஞ்சித் தோசி என்று சொல்வதைத்தான் அங்கே பைக்கற்றில் அடைத்து விற்கிறார்கள்.

"பிளேனில வயித்தைப் பிரட்டும் எண்டு வாங்கினனான் அப்பா" என்றாள் மகள்.

என் மனைவி வதனி ஒரு துண்டை எடுத்துக் கடித்தாள். மெதுவாக மென்றாள். மிச்சத்தை மேசையில் வைத்துவிட்டுச் சொன்னாள்: "பிழை சொல்லக்கூடாது. ஆனால் அவர் செய்யிற மாதிரி இல்லை."

எந்த அவர் என்று நான் கேட்கவில்லை. கேட்க வேண்டிய தேவை எனக்கு எப்போதும் இருந்ததில்லை. நீ போய் முப்பது வருடமாகிறது. என் மனைவி இன்னும் "செய்த மாதிரி" என்று சொல்வதில்லை, "செய்யிற மாதிரி" என்றுதான் சொல்கிறாள். அறுபத்தேழு வயதில், இரண்டு கண்ணிலும் சத்திரசிகிச்சை செய்த ஒரு கிழவன், செத்துப்போன சிநேகிதனை நினைத்து வயிறு எரிந்துகொண்டு நின்றேன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

உரும்பிராய்ப் பள்ளிக்கூடத்தில் நீயும் நானும் ஒரே வாங்கில் இருந்து படித்தவர்கள். நீ மேலே படித்தாய், கூட்டுறவுச் சங்கக்கடையில் மனேச்சர் ஆனாய். நான் படிக்கவில்லை, அப்பாவின் வெங்காயத் தோட்டத்துக்குப் போனேன். அதில் எனக்குப் பொறாமை இருந்ததில்லை. மண்ணில் நிற்கத்தான் எனக்குப் பிடிக்கும். கிறிஸ்து பிறந்த நத்தாருக்கு உன் அம்மா செய்யும் இஞ்சித் தோசியை அம்மா செத்தபிறகும் நீ விடவில்லை. தனி ஆள், குசினியில் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு இஞ்சி சுரண்டுவாய். நான் விறாந்தையில் இருந்து உன்னைப் பகிடி பண்ணுவேன். அப்போதெல்லாம் அது வெறும் பகிடிதான்.

எண்பத்தொன்பதில் எனக்குக் கலியாணம் பேசினார்கள். பெண், உன் சங்கக்கடையில் இரண்டு வருடம் கணக்கெழுதிய வதனி. "நல்ல பிள்ளை, ஓம் எண்டு சொல்லு" என்று எனக்குச் சொன்னவனே நீதான். என் கலியாணத்தில் பந்தி கவனித்தவனும் நீதான். மூன்று மாதம் கழித்து என் அக்கா வந்து, ஊர்ப் புதினங்களோடு புதினமாகச் சொன்னாள்:

"உன்ரை சிநேகிதனுக்கு அவளில ஒரு விருப்பம் இருந்ததாமடா. வேதக்காரப் பெடியனுக்கு அவளின்ரை தகப்பன் குடுக்கமாட்டார் எண்டு வாயைத் திறக்கேல்லையாம்."

அவளுக்கும் விருப்பம் இருந்ததா என்று அக்கா சொல்லவில்லை. அன்றிலிருந்து நீ வீட்டுக்கு வந்தால், நீ எந்தக் கதிரையில் இருக்கிறாய், அவள் தேத்தண்ணியை எந்தக் கையால் தருகிறாள் என்றெல்லாம் பார்க்கத் தொடங்கினேன். பார்த்ததில் ஒன்றும் இல்லை. ஒன்றும் இல்லாததுதான் என்னை இன்னும் அரித்தது.

தொண்ணூற்றொன்றில் வதனிக்குப் பிள்ளை தங்கியது. இரண்டாம் மாதத்திலிருந்து சத்தி. கஞ்சி, இளநீர், தோடம்பழச் சாறு, என்ன கொடுத்தாலும் கால்மணித்தியாலத்தில் வெளியே வந்துவிடும். சண்டைக்காலம், மருந்துக்குத் தட்டுப்பாடு. மூன்று கிழமை நான் சைக்கிளில் ஓடாத இடமில்லை. ஒரு சனிக்கிழமை நீ ஜாம் போத்தல் ஒன்றோடு படலையைத் திறந்துகொண்டு வந்தாய்.

"விடிய, பாயிலயிருந்து எழும்ப முதல், ஒரு சின்னத் துண்டை வாயில போட்டு மெல்ல மெல்லச் சப்பும்" என்று அவளிடம் சொன்னாய். "ஒரு நாளைக்கு இரண்டு துண்டு. ருசியெண்டு கூடச் சாப்பிட்டால் நெஞ்செரியும். இதை மருந்தெண்டு நினைச்சுக்கொள்ளும்."

அடுத்த நாள் காலை அவள் வயிற்றில் அரைப் பேணி கஞ்சி தங்கியது. மூன்றாம் நாள் அவள் சிரித்தாள். மூன்று கிழமை நான் ஓடிய ஓட்டத்துக்குக் கிடைக்காத சிரிப்பு, உன் ஒரு துண்டு இஞ்சிக்குக் கிடைத்தது. நான் சந்தோசப்பட்டிருக்க வேண்டும். சந்தோசமும் வந்தது, பொய் சொல்லமாட்டேன். ஆனால் அதற்கு முன்னாலேயே மற்றது வந்துவிட்டது.

ஒவ்வொரு சனிக்கிழமையும் போத்தல் வந்தது. ஒருநாள் சங்கக்கடையில் நீ வெறும் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்ததைக் கண்டேன்.

"சீனி எங்கையடா?"

"பல்லுக் கொதி, மச்சான். இனிப்புக் கூடாது."

உனக்குப் பல்வலி இல்லை. சீனி பொன்னாக இருந்த காலம் அது. கூப்பனுக்குக் கிடைத்த உன் பங்கு முழுவதும் என் வீட்டு ஜாம் போத்தலுக்குள் இருந்தது. என் மனைவிக்காக இன்னொருவன் தன் வாய்ச் சீனியை விடுகிறான். என் பங்குச் சீனியை நான் காலையும் மாலையும் தேத்தண்ணியில் கலக்கிக் குடித்துக்கொண்டிருந்தேன். அது எனக்கு அதுவரை தோன்றவேயில்லை. அதுதான் உறைத்தது.

அடுத்த சனிக்கிழமை படலையடியிலேயே உன்னை மறித்தேன். "அவள் படுத்திருக்கிறாள், தா, நான் குடுக்கிறன்" என்று போத்தலை வாங்கினேன். நீ போனதும் பின்வளவுக்குப் போய், எருக்கிடங்கில் அத்தனையையும் கொட்டி, மண்வெட்டியால் சாணத்தை இழுத்து மூடினேன்.

"அவர் வரேல்லையே?" என்று வதனி கேட்டாள்.

"இல்லை."

கொஞ்ச நேரம் பொறுத்து, "ஏன் வரேல்லை?" என்று மறுபடியும் கேட்டாள். முதல் கேள்வி இஞ்சிக்கானது, இரண்டாவது உனக்கானது என்று எனக்குப் பட்டது. அடுத்த நாள் கடைக்கு வந்து உன்னிடம் சொன்னேன்: "இனி வேண்டாமாமடா. அவளுக்கு நெஞ்செரியுதாம்."

நீ என்னைப் பார்த்தாய். "ஓம், சிலருக்கு எரியும்தான்" என்று மட்டும் சொல்லிவிட்டுத் தராசுப் பக்கம் திரும்பினாய்.

சத்தி திரும்பி வந்தது. ஆறாம் நாள் அவள் கிணற்றடியில் மயங்கி விழுந்தாள். பக்கத்து வீட்டு லான்ட்மாஸ்ரர் உழவு மெசினில் ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். சேலைன் ஏற்றினார்கள். "உடம்பில தண்ணி இல்லை. வயித்தில ஏதாவது நிக்கவேணும், இல்லாட்டில் இரண்டு உயிருக்கும் கரைச்சல்" என்றார் டொக்டர். வதனி கண்ணைத் திறந்து என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"அவருக்கு என்னில ஏதும் கோவமோ?"

ஆஸ்பத்திரியிலிருந்து நேரே உன் வீட்டுக்கு வந்தேன். மத்தியான வெயில். நீ கிணற்றடியில் உடுப்புத் தோய்த்துக்கொண்டிருந்தாய். சைக்கிளை நிறுத்தக்கூட இல்லை, அப்படியே விழ விட்டேன்.

"எருக்கிடங்குக்குள்ள கொட்டினனான்டா" என்றேன். "நெஞ்செரிவு எண்டது பொய். அவள் ஆஸ்பத்திரியில கிடக்கிறாள்."

நீ எழும்பி நின்றாய். அடிப்பாய் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நல்லாயிருந்திருக்கும்.

"எல்லாத்தையுமோ?"

"எல்லாத்தையும்."

"போத்தலையாவது கழுவி வைச்சிருக்கிறியோ?"

நான் அழுதுவிட்டேன். நீ கையைத் துடைத்துக்கொண்டு, அலவாங்கை எடுத்து, கிணற்றடிப் பாத்தியில் இஞ்சியைக் கிளறத் தொடங்கினாய்.

"நான் செய்து தரமாட்டன். நீ செய். நான் பக்கத்தில இருக்கிறன்."

கரண்டியால் தோலைச் சுரண்டினேன். மெல்லிய வில்லைகளாக அரிந்தேன். தண்ணீரில் அவித்து, காரத் தண்ணீரை வடித்து, புதுத் தண்ணீர் விட்டு மறுபடியும் அவித்தேன். உன்னிடம் சீனி இல்லை, பனங்கட்டிதான் இருந்தது. நான் அவசரப்பட்டு அதை உடைத்துப் போடப் போக, என் மணிக்கட்டைப் பிடித்தாய்.

"பொறு. அவிய முதல் இனிப்பைப் போட்டால் இறுகிப்போகும். பிறகு நாள் முழுக்க எரிச்சாலும் இளகாது. ஒண்டை எடுத்து நசிச்சுப் பார்."

நசித்தேன். இன்னும் வேகவில்லை. இன்னும் அரை மணித்தியாலம் விறகு வைத்தேன். புகையில் கண் எரிந்தது. பிறகு பனங்கட்டி கரைந்து, பாகு சுருங்கி, துண்டுகள் கண்ணாடி போல ஆகும்வரை கிண்டினேன். நீ அடுப்புக்கு முன்னால் குந்திக்கொண்டு அகப்பையையே பார்த்திருந்தாய். ஒரு சொல் கடியவில்லை. அவளை உனக்கு விருப்பமா என்று கேட்க நாலு தரம் வாயெடுத்தேன். கேட்கவில்லை. ஆம் என்று சொல்லியிருந்தால் என்ன செய்திருப்பேன்? இல்லை என்று சொல்லியிருந்தாலும் நம்பியிருக்கமாட்டேன்.

அடுத்த நாள் அரைகுறையாகக் காய்ந்த கறுத்த துண்டுகளை வாழையிலையில் சுற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனேன். வதனி ஒன்றை வாயில் போட்டாள்.

"நிறம் வேறை மாதிரிக் கிடக்கு."

"நான் செய்தனான்."

"நீங்களோ?" கொஞ்ச நேரம் சப்பினாள். "அவரிட்டைத்தானே பழகினனீங்கள்? தெரியுது."

பாராட்டுத்தான். அதையும் நீ எடுத்துக்கொண்டாய்.

அன்று பின்னேரம் கஞ்சி தங்கியது. சேலைனாலா, இஞ்சியாலா என்று டொக்டருக்கும் தெரியாது. மகள் பிறந்தாள், சுகமாகத்தான் பிறந்தாள். நான் செய்ததை வதனிக்கு நான் சொல்லவில்லை. நீயும் சொல்லவில்லை. அந்தக் கிழமை கடைவேலை கூடிப்போனதால் வர ஏலாமல் போய்விட்டது என்று என் முன்னாலேயே அவளிடம் மன்னிப்புக் கேட்டாய். என் பொய்க்கு நீ மன்னிப்புக் கேட்டாய். அந்த நாளில் உன்னில் எனக்கு வந்த பொறாமை, அவளைப் பற்றியதே அல்ல.

தொண்ணூற்றைந்தில் சண்டை நெருங்கி வர, ஊரே எழும்பித் தென்மராட்சிக்கு நடந்தது. நாங்கள் கொடிகாமத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் இருந்தோம். நீ மூன்று கட்டைத் தூரம் தள்ளி, உன் உறவினர் வீட்டில். மழையில் நடந்து வந்ததில் நெஞ்சுச் சளி கட்டி, எழும்ப ஏலாமல் கிடக்கிறாய் என்று செய்தி வந்தது.

"இஞ்சாருங்கோ, நான் அவரைப் பாக்கவேணும்" என்றாள் வதனி. பிறகு நிலத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்: "தனியப் பாக்கவேணும்."

சைக்கிளில் அவளைப் பின்னால் ஏற்றி, மகளை முன்னால் இருத்தி மிதித்தேன். சேற்றில் இரண்டு இடத்தில் இறங்கித் தள்ளினேன். வீட்டு வாசலில் அவளை இறக்கிவிட்டு, வேலியோரம் ஒரு மாமரத்தடியில் மகளோடு நின்றேன். அரை மணித்தியாலம். உன் இருமல் கேட்டது. அவளுடைய குரல் கேட்டது, சொற்கள் கேட்கவில்லை. ஒருதரம் அவள் சிரித்தாள். உள்ளே போய்விட என் கால் இரண்டு தரம் எழும்பியது. போகவில்லை.

அவள் வெளியே வந்தபோது முகம் கழுவியிருந்தாள். "உள்ள வரட்டாம்" என்றாள். வந்தேன். நீ என் கையைப் பிடித்தாய், "மழை வரப்போகுது, பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வெளிக்கிடு மச்சான்" என்றாய். அவ்வளவுதான். நாலாம் நாள் நீ போய்விட்டாய்.

எருக்கிடங்கை நீ அவளுக்குச் சொன்னாயா? வேறு ஏதாவது சொன்னாயா? அவள் சொன்னாளா? திரும்பி வரும்போது அவள் என் முதுகில் தலையைச் சாய்த்திருந்தாள். அது எதற்கென்றும் எனக்குத் தெரியாது. சிலவேளை இன்றும் குசினியில் தனியாக நின்று, எதையோ நினைத்து மெல்லச் சிரிப்பாள். நான் வாசலோடு திரும்பிவிடுவேன். என்ன சிரிப்பு என்று முப்பது வருடமாகக் கேட்டதில்லை. உனக்கென்று நான் செய்யும் ஒரே காரியம் அதுதான், மச்சான். அதையும் பொறாமையோடுதான் செய்கிறேன்.