கழுவாத பாட்டில்

பென்சிலுக்கு,

நான் உயிரோடு இருக்கிறேன். நீயும் இருக்கிறாய் என்று உன் மகனிடம் தொலைபேசியில் கேட்டுத் தெரிந்துகொண்டேன். பத்தொன்பது வருடம் கழித்து எழுதுவதால் என் கோபம் தணிந்துவிட்டது என்று நினைத்துக்கொள்ளாதே. உன்னால் ஒரு காரியம் ஆக வேண்டும், அதனால் எழுதுகிறேன்.

நம் ஆய்வுக்கூடத்தை இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டியிருக்கிறார்கள். அடுத்த மாதம் திறப்பு விழா. வாசல் சுவரில் ஒரு கல் பதிக்கப்போகிறார்களாம். அதில் பொறிக்க எழுதி வைத்திருந்ததைப் படித்தேன். 'இரண்டாகப் பிரியும் செல்களைத் தனியே எடுக்கும் முறையைப் பேராசிரியர் கண்டறிந்த இடம். உதவியாளர் ஒருவரின் ஒத்துழைப்புடன்.' ஒருவராம்! செல் வளர்க்கும் அந்தச் சூட்டறையை முப்பத்திரண்டு வருடம் கட்டி ஆண்டவள் நான்.

விடுவேனா? நேராக இயக்குநரிடம் போனேன். என் மகளைவிடச் சின்னவள். நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார வைத்தாள். "அந்த முறையிலதாம்மா நான் டாக்டர் பட்டமே வாங்கினேன். எழுத்துல ஏதாவது வெச்சிருக்கீங்களா?" என்று கேட்டாள்.

பாட்டில் கழுவ வந்தவளுக்கு ஆய்வு நோட்டு யார் கொடுத்தார்கள்? என்னிடம் இருந்தது கழுவும் பதிவேடு ஒன்றுதான். அதைக் காட்டினேன். கழுவியது நாற்பத்தாறு, உடைந்தது ஒன்று, அதன் ஓரத்தில் 'மிதந்தவை ஒட்டிக்கொண்டன, மறுபடி பார்க்கணும்'. தேதியும் இருக்கிறது. திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "நான் நம்பறேம்மா. ஆனா இது நீங்களே எழுதினது. கூட இருந்து பார்த்தவங்க யாராவது இருக்காங்களா?" என்றாள்.

இருக்கிறாள், வாயைத் திறக்க மாட்டாள் என்றேன்.

உனக்கு மறந்திருக்காது. இருந்தாலும் நீ எழுத வேண்டியதை வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். செல்களுக்கு ஊட்டும் திரவம் பழசானால் மாற்றுவோம். பழசை ஊற்றும்போது அதில் மிதக்கிற செல்கள் செத்தவை, கொட்டிவிட வேண்டும். அன்றைக்கு அதுதான் சட்டம். எனக்கென்னவோ மனசு ஒப்பவில்லை. ஒரு வெள்ளிக்கிழமை, அந்தத் திரவத்தைப் பிடித்த பாட்டிலைக் கழுவாமல் சூட்டறையிலேயே எடுத்து வைத்தேன். திங்கட்கிழமை மைக்ராஸ்கோப்பில் பார்த்தால், எல்லாம் அடியில் ஒட்டிக்கொண்டு ஜோடி ஜோடியாக உட்கார்ந்திருந்தன. செத்தது எங்கேயாவது குட்டி போடுமா? மைக்ராஸ்கோப்பில் தெரிவதைப் படம் வரைகிறவள் நீ, உன்னைத்தான் முதலில் கூப்பிட்டேன். "ஏய் சோப்பு, செத்ததுக்கே உயிர் குடுத்துட்டியா? உனக்குச் சிலைதான் வைக்கணும்" என்று சிரித்துக்கொண்டே பென்சிலை எடுத்தாய்.

பேராசிரியர் இரண்டு வாரம் விடுப்பில் இருந்தார். பதினொரு நாள் ஒவ்வொரு பாட்டிலாக வைத்துப் பார்த்தேன். இரண்டாகப் பிரியப் போகிற செல் உருண்டையாகி, பிடியைத் தளர்த்திக்கொள்கிறது. பாட்டிலின் பக்கத்தில் உள்ளங்கையால் மூன்று தட்டு தட்டினால் அவை மட்டும் உதிர்ந்துவிடும், மற்றவை அசையாது. இதை எனக்கு எந்தப் புத்தகமும் சொல்லித் தரவில்லை. புத்தகங்களையே அதற்குப் பிறகுதான், அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு வரியாக நானே படித்தேன்.

அவர் வந்து உன் படங்களைப் பார்த்தார். "நல்ல கண்ணு" என்றார். கட்டுரையில் உன் எட்டுப் படங்களும் வந்தன, கண்டுபிடித்தவர் என்று அவர் பெயரும் வந்தது. நடந்ததைச் சொல்லேன் என்று உன்னிடம் கேட்டேன். "எனக்கு வேலை இன்னும் நிரந்தரம் ஆகலடி" என்றாய். அது எனக்குப் புரிந்தது. நிரந்தரம் ஆனபிறகும் பேசாமல் இருந்தாயே, அதுதான் இன்றுவரை புரியவில்லை.

இருபதாம் தேதி கல் வெட்டுகிறவரிடம் வாசகம் போகிறது. அதற்குள் நீ பார்த்ததை எழுதி அனுப்பு. எனக்காகக் கூட்டியும் எழுதாதே, பேராசிரியருக்காகக் குறைத்தும் எழுதாதே.

இப்படிக்கு,
கொஞ்சமும் மாறாத
சோப்பு

*

பென்சிலுக்கு,

நீ அனுப்பிய மூன்று பக்கங்களும் பதினைந்தாம் தேதியே கிடைத்தன. கை நடுங்குகிறது என்று எழுதியிருந்தாய். எழுத்தைப் பார்த்தாலே தெரிகிறது. வைத்தியரிடம் காட்டினாயா? உன் மகனைக் கேட்டால் பட்டும் படாமலும் பதில் சொல்கிறான்.

'முதலில் பார்த்தவள் அவள்தான், முறையும் அவளுடையது. பேராசிரியர் அப்போது ஊரில் இல்லை. பயந்து பேசாமல் இருந்தேன், பிறகு வெட்கப்பட்டுப் பேசாமல் இருந்தேன்.' இரண்டாம் பக்கத்தில் அந்த இடத்தை எத்தனை முறை படித்தேன் என்று சொல்ல மாட்டேன், உனக்குத் தலைக்கனம் ஏறிவிடும்.

அப்புறம் மூன்றாம் பக்கத்தைத் திருப்பினேன். 'அந்தப் பாட்டிலை அவள் எடுத்து வைக்கவில்லை. பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று ஓடியதில் கழுவ மறந்து போனாள். திட்டு விழுமே என்று அதைக் கழுவத் திங்கட்கிழமை காலையில் எனக்கும் முன்பே வந்துவிட்டாள்.'

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. இரண்டு நாள் வீட்டில் யாரோடும் முகம் கொடுத்துப் பேசவில்லை. 'யோசித்து எடுத்து வைத்தேன்' என்று இத்தனை வருடமும் எல்லோரிடமும் சொல்லி வந்திருக்கிறேன். சொல்லிச் சொல்லி, நானே அந்தப் பாட்டிலை ஜாக்கிரதையாகத் தட்டில் வைப்பது போலக் கண்ணுக்குத் தெரிய ஆரம்பித்துவிட்டது. உன் கடிதத்தைப் படித்த பிறகுதான் அந்த பஸ்ஸும், கையில் ஈரம் காயாமல் நான் ஓடியதும் நினைவுக்கு வந்தன.

மூன்றாம் பக்கம் தனித்தாள். அதை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டால் ஒருத்தருக்கும் தெரியப்போவதில்லை. எடுத்தும் வைத்தேன், பீரோவில், புடவைக்கு அடியில். ஆனால் உண்மையை எழுது என்று உன்னைப் பிடித்து உலுக்கியது நான். உண்மை என்ன கடைக் கத்திரிக்காயா, சொத்தையைத் தள்ளிவிட்டு நல்லதை மட்டும் பொறுக்கிக்கொள்ள?

பதினெட்டாம் தேதி மூன்று பக்கத்தையும் இயக்குநரிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அவள் கடைசிப் பக்கத்தைப் படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்கு முகம் சுருங்கிப்போனது. "கழுவ மறந்தவங்க ஆயிரம் பேர் இருப்பாங்கம்மா. கழுவறதுக்கு முன்னாடி உள்ள என்னன்னு பார்த்தது நீங்கதானே?" என்றாள். அதை நான் ஒப்புக்கொண்டேன்.

வாசகத்தை அங்கேயே மாற்றினாள். முறையைக் கண்டறிந்தவர் என்று என் பெயர். பேராசிரியர் பெயர், துறைத்தலைவர் என்ற அளவில் மட்டும். எனக்கு அது போதவில்லை. படம் வரைந்தவள் எங்கே என்று கேட்டேன். "கல்லுல இடமில்லம்மா" என்றாள். அப்படியானால் என் பெயரைச் சின்னதாக வெட்டச் சொல்லு, இல்லாவிட்டால் பெரிய கல்லாக வாங்கு, எதுவும் நடக்காவிட்டால் நான் விழாவுக்கு வரமாட்டேன் என்று எழுந்துவிட்டேன். "உங்களோட முடியாதும்மா" என்று தலையில் கை வைத்துக்கொண்டாள். கல்வெட்டுக்காரரிடம் பேசி இடம் கண்டுபிடித்தார்கள். உன் பெயருக்கும் என் பெயருக்கும் ஒரே அளவு எழுத்து. அவர் வரைந்து காட்டிய மாதிரியில் அளவுகோலை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் வந்தேன்.

உன்னை நான் மன்னித்துவிட்டேனா என்று கேட்டிருந்தாய். கடிதத்தில் எழுதுகிற விஷயமா அது? நேரில் வா, பேசிக்கொள்ளலாம்.

விழா ஒன்பதாம் தேதி காலை பத்து மணிக்கு. நீ எங்கேயும் வெளியே போவதில்லை என்று உன் மகன் சொன்னான். அதெல்லாம் மற்ற இடங்களுக்கு. ஏழாம் தேதியே வந்துவிடு, என் அறையில் இன்னொரு கட்டில் போடச் சொல்லியிருக்கிறேன். உன் அளவுக்கு என்னை எதிர்த்துப் பேச இங்கே ஆள் இல்லை. மருந்தை வேளாவேளைக்குச் சாப்பிடு, உடம்பைப் பார்த்துக்கொள். எனக்கு முன்னால் போய்ச் சேரும் உத்தேசம் ஏதாவது இருந்தால் அதை இப்போதே விட்டுவிடு.

ரயில் எத்தனை மணிக்கு என்று எழுது. நிலையத்துக்கு நானே வருகிறேன்.

உன்
சோப்பு