சிட்டு கொடுக்காத உத்தரவு

பிள்ளைப்பாக்கம்
17.11.91

செந்தாமரைக் கண்ணுக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம் என்று அம்மா எழுதச் சொன்னாள், எழுதிவிட்டேன். ஏரி நிரம்பிவிட்டது, மழை விட்டபாடில்லை. உனக்காகச் சுட்ட முறுக்கு டப்பாவை அம்மா யாரையும் தொட விடுவதில்லை.

கண்ணு, சிட்டு செத்துப்போச்சு.

மருந்துக் கம்பெனிக்கு அந்தக் குதிரை வெறும் நம்பர். சிட்டு என்று கூப்பிட்டது நான்தான். பாம்புக்கடி மருந்துக்கு ரத்தம் எடுக்கும் நாளில், கோயில் கிடாவுக்குச் செய்வது போல அதன் முதுகில் தண்ணீர் தெளித்துக் காத்திருப்பேன். உடம்பைச் சிலிர்த்து உத்தரவு கொடுத்தால்தான் ஊசி குத்த விடுவேன். லாயத்தில் எல்லாரும் சிரிப்பார்கள். சிரிக்கட்டுமே, உத்தரவு கேட்காமல் எடுக்க எனக்கு மனசு வராது.

தீபாவளிக்கு வந்த நீ, "அது உத்தரவு இல்லப்பா, தண்ணி ஜில்லுனு கீது, அதான் சிலுத்துக்குது" என்றாய். கொள்ளு வைக்கிறேன், தேய்த்துக் குளிப்பாட்டுகிறேன், இதுக்கு மேல இன்னாடி செய்யணும் என்று கத்தினேன். "நல்லா வெச்சிக்கிறது இருக்கட்டும், அதை வெச்சிக்க நீ யாரு?" என்று கேட்டாய். அந்த மருந்து இல்லன்னா கட்டுவிரியன் கடிச்ச ஆறு வயசுலயே உன்னப் பொதச்சிருப்போம் என்றேன். பெற்றவன் சொல்லுகிற சொல்லா அது? நீ சாப்பிடாமல் பஸ் ஏறிவிட்டாய்.

நீ சொன்னது பொய் என்று காட்டத்தான் வியாழக்கிழமை தண்ணீரை வெதுவெதுப்பாகக் காய்ச்சித் தெளித்தேன். சிட்டு சும்மா நின்றது. மறுபடி தெளித்தேன். என் தோளில் மூக்கை வைத்துக்கொண்டதே தவிர, சிலிர்க்கவில்லை.

சூப்பர்வைசர் ஜெபகுமார் கெட்டவர் இல்லை. "மழைக்காலம்ணே, மருந்து இல்லாம ஆஸ்பத்திரில புள்ளைங்க கெடக்குது. இன்னா பண்ணிகினு கீற?" என்றார். அதுவும் நியாயம்தானே? தொட்டியிலிருந்து பச்சைத் தண்ணீரை மொண்டு அடித்தேன். சிலிர்த்தது. நானே கழுத்தைப் பிடித்துக் கொடுத்தேன்.

சாயங்காலம் படுத்தது, எழுந்திருக்கவே இல்லை. வயசாகிவிட்டது என்று டாக்டர் எழுதிவிட்டுப் போனார்.

அந்த ரத்தத்தில் நாளைக்கு எந்தப் பிள்ளையோ பிழைக்கும். பிழைக்கட்டும், நன்றாக இருக்கட்டும். அம்மா வேலையை விடச் சொல்கிறாள். விட்டால், எனக்கு அடுத்து வருகிறவன் தண்ணீர்கூடத் தெளிக்க மாட்டான். எனக்கு ஒன்றும் ஓடவில்லை கண்ணு.

நீ மகராசியாக இரு. ஹாஸ்டலில் இருட்டில் கொல்லைப் பக்கம் போனால் டார்ச் எடுத்துக்கொண்டு போ. அன்றைக்கு உன்னைக் காப்பாற்றியது எந்தக் குதிரையோ, எனக்குத் தெரியாது. அது மனசோடுதான் கொடுத்திருக்கும் என்று ஒரு கார்டு போடு. பொய்யாக இருந்தாலும் பரவாயில்லை.

உன் அப்பா,
புருஷோத்தமன்